யாரைக் கேட்டுத் தூக்குவாய்?

டேய் பெரியவனே,

தூங்கட்டும் என்று எழுப்பவில்லை. பெயின்ட் வேலைக்கு ஆள் குறைகிறது என்று மேஸ்திரி கூப்பிட்டுவிட்டார். அம்மாவும் தையல் கடைக்குக் கிளம்பிவிட்டாள். பரீட்சைக்குப் போகிற வழியில் பாப்பாவை அவள் அம்மா இங்கே விட்டுவிட்டுப் போவாள். கதவைத் தட்டினால் உடனே எழுந்து திற.

பால் புட்டியை வெந்நீரில் போட்டு வைத்திருக்கிறேன். உன் சாப்பாடு அடுப்பு மேல் இருக்கிறது. குருவி தலையில் பனங்காய் என்று நேற்று நான் கத்தியது தப்போ சரியோ, சாப்பாட்டின் மேல் உனக்கு என்ன கோபம்?

ஒன்று மட்டும் எனக்குப் புரியவே இல்லை. பெற்றவன் நீ. ஆனால் பாப்பா இங்கே வரும்போதெல்லாம் எங்கள் முகத்தைப் பார்த்து, "தூக்கட்டுமாப்பா?" என்று கேட்கிறாய். நாங்களும் பெரிய அதிகாரிகள் மாதிரி, "இப்பதான் தூங்குது, விடுடா" என்கிறோம். பதினேழு வயதுதானே என்று உனக்கே தோன்றுகிறதா, இல்லை எங்களுக்குப் பயமா? இன்றைக்கு வீட்டில் ஒருத்தரும் இல்லை. அவள் அழுதால் யாரைக் கேட்பாய், சுவரையா? நாள் முழுக்க எனக்கு இதே யோசனையாகத்தான் இருக்கும்.

ஃபோன் பண்ணிக் கேட்காதே. நான் ஏணி மேல் இருப்பேன்.

அப்பா

கழுத்துக்குக் கை கொடுத்துத் தூக்கு. உனக்கே தெரியும், இருந்தாலும் சொல்கிறேன்.

இன்னொன்று. சாயங்காலம் வந்து, பெயின்ட் கையைக் கழுவிவிட்டு, உன்னிடம்தான் கேட்பேன்: "தூக்கட்டுமாடா?" அவள் தூங்கிக்கொண்டிருந்தால், தயங்காமல் "விடுப்பா" என்று சொல்.