ஒரு சமையலறை, ஒன்பது சிங்க்

கேம்ப், புனே
18-8-2003

அன்புள்ள அம்மிணி வைஷுவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உங்கம்மாவும் சுகம், மழைக்கு என் முட்டி மட்டும் முனகுகிறது. ஹாலந்தில் நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருப்பாய் என்றே நினைத்துக்கொள்கிறேன், வேறு மாதிரி நினைத்தால் உங்கம்மா தூங்க விடமாட்டாள். ஹடப்சரில் நம் பன்னிரண்டு குடும்பமும் சேர்ந்து வாங்கிய இடத்தில் அஸ்திவாரம் முடிந்தது. மழைத்தண்ணீர்த் தொட்டி, மொட்டைமாடியில் வெயிலில் காயும் வெந்நீர், எல்லாம் நீ போட்ட பிளான்படிதான். வீட்டுக்கு வீடு அடுப்படி வேண்டாம், எல்லாருக்கும் கீழே ஒரே சமையலறை, அந்த மிச்சத்தில்தான் ஆட்டோ ஓட்டும் மாடசாமிக்கும் ஒரு வீடு கட்டுப்படியாகும் என்று நீ சொன்னபோது எல்லாரும் கை தூக்கினார்கள். கை தூக்க என்ன செலவு?

அப்புறம் நடந்ததைக் கேள். செக்ரட்டரி ரங்கராஜன் நம் குழாய், சிங்க் கடைக்கு வந்து, யாருக்கும் தெரியவேண்டாம், பெட்ரூம் மூலையில் வைக்கிற மாதிரி ஒரு சின்ன சிங்க் எடுத்துவையுங்கள் என்றார். மறுநாள் செல்வமேரி டீச்சர், நான் கருவாடு வறுத்தால் ரங்கராஜன் சார் வீட்டையே காலி செய்துவிட்டுப் போவார், எனக்கும் ஒன்று அண்ணா என்றாள். இப்படியே எட்டுப் பேர், எல்லாம் ரகசியம். ஊரில் இத்தனை கடை இருக்க, பிளான் போட்டவளின் அப்பன் கடைக்கே வருகிறார்கள், தள்ளுபடி ஆசை! ஒன்பதாவது ஆள் உங்கம்மா. என்னிடமே, யாரிடமும் சொல்லாதீர்கள் என்கிறாள். வியாபாரிக்கு ஒன்பது சிங்க் கசக்குமா? ஆனால் அதற்கு ஒன்பது குழாய், ஒன்பது கழிவுநீர் பைப், எல்லாம் பொதுச்செலவில் ஏறும். மாடசாமி இப்போதே, வாடகை வீடே போதும் முதலாளி என்று நழுவுகிறான். அதனால் ஞாயிற்றுக்கிழமை மீட்டிங்குக்கு ஒன்பதையும் டெம்போவில் கொண்டுபோய் வரிசையாக வைத்து, அவரவர் பொருளை எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன். ஒருத்தரும் அசையவில்லை. கடைசியில் செல்வமேரிதான் சிரித்துவிட்டாள். உடனே ரங்கராஜன், காலைக் காப்பிக்கு நான் லுங்கியோடு மூன்று மாடி இறங்கி வரிசையில் நிற்பதா என்று பொரிந்து தள்ளினார். நியாயம்தானே அம்மிணி? அத்தனை படித்தாய், முதல் காப்பியைக் கணக்கில் எடுக்கவில்லையே. பேசிப் பேசி, மாடிக்கு ஒரு சின்ன காப்பி மேடை, நாலு வீட்டுக்குப் பொதுவாக, சோறு குழம்பு எல்லாம் கீழேதான், கருவாட்டுக்குப் பின்பக்கம் தனி அடுப்பு என்று முடிவானது. மூன்று சிங்க் என் உபயம். மீதி ஆறு கடைக்குத் திரும்பியது, உன்னால் எனக்கு நஷ்டம். செலவு ஏறாது என்று தெரிந்ததும் மாடசாமி கையெழுத்துப் போட்டுவிட்டான், பெண்டாட்டியைக் கூட்டிவந்து பிளானில் எது தன் ஜன்னல் என்றுகூடக் காட்டினான்.

அடுத்த மாதம் பத்தாம் தேதி ஸ்லாப் போடுகிறார்கள், அதற்குள் பிளானைத் திருத்தி அனுப்பு. அந்த ஜன்னலை மட்டும் நகர்த்திவிடாதே. குறையொன்றும் இல்லாமல் நீண்டநாள் வாழ எங்கள் இருவரின் ஆசி.

அப்பா,
சந்தானம்