உன் அப்பா சொன்ன ‘முடியாதுங்க’

மரக்காணம்
12.2.2006

அன்பு மகன் அறிவழகனுக்கு அம்மா அம்சவள்ளி ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் சுகம், என் முழங்கால் மட்டும் எப்போதும் போலத்தான். அங்கே நீ வேளாவேளைக்குச் சாப்பிட்டு நல்லபடியாக இருக்க மயிலம் முருகனை வேண்டிக்கொள்கிறேன். போனில் பேசினால் உன் காசு ஓடுகிறதே என்ற பதைப்பில் பாதி விஷயம் மறந்துவிடுகிறது, அதனால்தான் கடிதம். வீட்டுக் கடனை அடைக்க ஷார்ஜாவில் இன்னும் இரண்டு வருஷத்துக்குக் கையெழுத்துப் போடப் போவதாகச் சொன்னாயே, அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. இதை முழுக்கப் படித்துவிட்டு அப்புறம் முடிவு செய்.

சுனாமியில் உப்புப் பாத்தி வரப்பெல்லாம் கரைந்து, தண்ணீர் இறைக்கிற இஞ்சினும் வீணான பிறகு தவணை நின்றுபோனது உனக்குத் தெரியும். வீட்டுப் பத்திரம் பேங்கில் இருக்கிறது. வசூலுக்கு வந்தவர்கள் வாசலில் நின்று தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்துவார்கள். உன் அப்பாவைத்தான் தெரியுமே, யார் எது கேட்டாலும் சரிங்க என்பார். வர்ற திங்கக்கெழம கட்டிடறியா என்றால் சரிங்க, ரெண்டு தவணையா சேத்துக் கட்டு என்றாலும் சரிங்க. சொன்ன நாளில் பணம் இருக்காது, அவர்கள் முன்னைவிடக் கோபமாக வருவார்கள். கடைசியில் அறுபது நாளில் கட்டாவிட்டால் வீட்டை எடுத்துக்கொள்வோம் என்று நோட்டீஸ் வந்தது. வீடு போயே போய்விட்டது என்று நான் பாத்திரங்களைக்கூட மூட்டை கட்டத் தொடங்கிவிட்டேன்.

பெருமுக்கல் பாஞ்சாலை சித்திதான், திண்டிவனம் கோர்ட்டில் ஏழைகளுக்குச் செலவில்லாமல் வக்கீல் வைத்துக் கொடுப்பார்கள் என்று எங்களை இழுத்துக்கொண்டு போனாள். சகாயசெல்வி என்று ஒரு வக்கீலம்மா, உன் வயதுதான் இருக்கும், மகராசி. நோட்டீஸ் வந்துட்டா வீடு போயிடுச்சின்னு அர்த்தம் இல்லம்மா என்றாள். அந்த அறுபது நாளுக்குள் நம் நிலைமையை எழுதிக் கொடுத்தால் பேங்க் பதில் சொல்லியே ஆக வேண்டுமாம். அதற்கு மேலும் வீட்டை எடுக்க வந்தால் சென்னையில் இதற்கென்றே இருக்கும் தீர்ப்பாயத்துக்குப் போகலாமாம். வாசலில் வந்து மிரட்டினால் போலீசில் புகார் கொடுக்கலாமாம். இத்தனை வழி இருப்பது தெரியாமல்தான் பயந்து செத்தோம். அவளே பேங்குக்கு எழுதிக் கொடுத்து, மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிக்கவும் மனு போட்டாள். ஒன்று மட்டும் அழுத்திச் சொன்னாள், அங்க ஒத்துக்கிட்டு கையெழுத்துப் போட்டா அப்புறம் அப்பீல் கெடையாது, முடியாதத முடியாதுன்னு சொல்லிடுங்க என்று. இவராவது, முடியாது என்பதாவது.

போன வாரம் கூப்பிட்டார்கள். நானே பேசிவிடலாம் என்றுதான் போனேன், கடன் அவர் பேரில் இருப்பதால் ஜட்ஜ் ஐயா அவரைத்தான் கேட்டார். பேங்க்காரர் வட்டியில் கொஞ்சம் தள்ளி, மீதியை மாதாமாதம் கட்டச் சொன்னார். கட்டிடுவீங்களாப்பா என்று ஐயா கேட்டதும் நான் கண்ணை மூடிக்கொண்டேன். சரிங்க வரவில்லை. கண்ணைத் திறந்தால் துண்டைக் கையில் முறுக்கிக்கொண்டு நிற்கிறார். முடியாதுங்கய்யா, மழை மாசத்துல பாத்தியில வெறுந்தண்ணிதான் நிக்கும், உப்பு வெளையற மாசத்துல கட்டறேன், மத்த மாசம் முடியாதுங்க என்றார். பேங்க்காரர் யாருக்கோ போன் பேசிவிட்டு வந்து ஒத்துக்கொண்டார். அப்படியே எழுதிக் கையெழுத்தானது. வெளியே டீக்கடையில் உட்கார்ந்து உன் அப்பா அழுதுவிட்டார், நானும்தான்.

பாத்தி வரப்பை மறுபடி போட்டு, இஞ்சினையும் பழுதுபார்த்தாகிவிட்டது, இனி தவணையை உப்பே பார்த்துக்கொள்ளும். சித்திரையில் அங்கே உன் ஒப்பந்தம் முடிந்ததும் நீ ஊருக்கு வந்துவிடலாம். ஆனாலும் உன் பிழைப்புக்குக் குறுக்கே நிற்கக் கூடாது என்று, உன் இஷ்டம், வேண்டுமானால் இருந்துவிட்டு வா என்று எழுதட்டுமா என அப்பாவைக் கேட்டேன். இஞ்சினைத் துடைத்துக்கொண்டிருந்தவர் தலைகூட நிமிரவில்லை. முடியாது, வரச் சொல்லு என்றார்.

தலையில் எண்ணெய் வைக்காமல் வெயிலில் அலையாதே. நூறு வயசு நல்லா இருக்கணும்.

உன் வரவு பார்த்திருக்கும்
அம்மா அம்சவள்ளி