திருப்பி அனுப்பிய பால்மாவு

12 ஆகஸ்ட் 1986, செவ்வாய்
விடியலிலிருந்து மழை. துறைமுகத்து வெல்ட் கீ சாலை முழுக்கத் தண்ணீர், சைக்கிளைத் தள்ளிக்கொண்டே சரக்குக் கிட்டங்கிக்கு. ஐரோப்பாப் பால்மாவு இறக்கம். அடிபட்டு நெளிந்த டின்கள் வழக்கம்போல வேலையாட்களுக்கு. எனக்கு நாலு. மகள் செல்விக்கு ஏழு மாதம், குடிக்கிற குடிக்கு டின் நிற்பதில்லை. மனைவி சரோஜாவுக்கு ஒரே சந்தோஷம்.

21, வியாழன்
பால்மாவு முழுவதும் நிறுத்திவைக்க உத்தரவு. மாதிரி எடுத்துக்கொண்டு போனார்கள். காகிதம் எழுதும் கிராணி நான்தானே, கப்பல் காகிதங்களைப் புரட்டினேன். ஏற்கெனவே வேறொரு நாட்டில் இறங்கி, வேண்டாமென்று திரும்பிய சரக்கு. கூலியாட்களை வேலை வாங்கும் மண்டோர் முத்தையா அண்ணனைக் கேட்டேன்.

"ரஷ்யாவுல அணு உலை வெடிச்சிச்சே தம்பி. அந்தக் காத்து பட்ட புல்ல மாடு தின்னுச்சு. மொதல்ல எறக்குன நாட்டுக்காரனுக்கு ஆகாதாம், நம்மகிட்ட தள்ளிட்டான்லா."

வீட்டில் இரண்டாவது டின் பாதி காலி.

சரோஜா நம்பவில்லை. "வாசம் மாறல, நிறம் மாறல. புள்ள எடை போட்டிருக்குங்க." மிச்சமிருந்த டின்களையெல்லாம் பிடுங்கிச் சாக்கடையில் கொட்டினேன். கொட்டியது சரியா? கையை மூன்று தரம் கழுவினேன். செல்வியின் நாக்கு, தொண்டை, நகம் எல்லாம் பார்த்தேன். எதைத் தேடுகிறேன் என்று எனக்கே தெரியவில்லை. சிரிக்கிறாள்.

23, சனி
டாக்டரம்மாவிடம் தூக்கிப் போனோம்.
"இப்ப ஒண்ணும் தெரியாது தம்பி. எவ்வளவு ஆபத்துன்னு கேட்டா, ஒரு நாட்டுல ஒரு கணக்கு, இன்னொண்ணுல வேற கணக்கு. நான் எதைப் பாத்து சொல்ல?"
காற்றுக்குப் பாஸ்போர்ட் கேட்க முடியவில்லை. எல்லா நாடும் உட்கார்ந்து ஒரே அளவு வைக்கவாவது கூடாதா? பயமாக இருக்கிறது.

29, வெள்ளி
வெயில். சோதனை முடிவு வந்தது: ஆகாது. எங்காவது குழி வெட்டிப் புதைப்பார்கள் என்றுதான் நினைத்தேன். மேனேஜர் புதுக் காகிதம் நீட்டினார். மறுபடி ஏற்றுமதி. இன்னொரு நாடு.
"அங்க சோதிக்கவே மாட்டாங்க. எழுது."
"நான் எழுதலேன்னா சார்?"
"வேற கிராணி எழுதுவான்."
எழுதினேன். அங்கேயும் என்னைப் போல ஒரு கிராணி இருப்பான், அவன் வீட்டிலும் பிள்ளை இருக்கும். சோதனையில் தோற்றதைச் சொல்ல அந்தக் காகிதத்தில் கட்டமே இல்லை. ஓரத்தில் பென்சிலால், சின்னதாக, 'பிள்ளைகளுக்குக் கொடுக்காதீர்' என்று இங்கிலீஷில் எழுதிவைத்தேன்.
மேனேஜர் பார்த்துவிட்டார். திட்டவில்லை. ரப்பரை என் பக்கம் நகர்த்தினார்.
அழித்துக் கொடுத்தேன்.