தாலி எடுத்துக் கொடுத்தவன்

ஆவணி 20, வியாழன்

இன்று வரிச்சிக்குடியில் தங்கை மகளுக்குக் கல்யாணம். எம்.எல்.ஏ.தான் தாலி எடுத்துக் கொடுக்க வேண்டும் என்று மாப்பிள்ளை வீட்டில் ஒரே பிடிவாதம். எம்.எல்.ஏ. வேறு யார், குணசேகரன்தான். பள்ளிக்கூடத்தில் என்னோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவன். நகராட்சித் தலைவர் தேர்தலுக்குக் கட்சியில் இரண்டு பேருமே சீட்டுக் கேட்டோம். அவனுக்குக் கொடுத்தார்கள். அந்த நாற்காலியிலிருந்து நேரே சட்டசபைக்குப் போய்விட்டான். நான் இன்னும் வார்டு செயலாளர்.

முகூர்த்தம் நெருங்கியும் ஆளைக் காணோம். ரயில்வே கேட்டில் கார் மாட்டிக்கொண்டதாம். வராமலே போகட்டும், தாய்மாமன் நான் இருக்கிறேன் என்று மனசுக்குள் குதித்தேன். யாரோ ஒருத்தனுடைய பைக்கில் தொற்றிக்கொண்டு சரியான நேரத்துக்கு வந்து இறங்கிவிட்டான், பாவி.

மேடையில் தாலித் தட்டை நீட்டினார்கள். அவன் தொடவில்லை. மைக்கைக் கையில் வாங்கி என்னைப் பார்த்து, "மாமன் நீ நிக்கும்போது நான் எதுக்குப்பா? நீயே எடுத்துக் குடு" என்றான். மண்டபமே கை தட்டியது. தங்கை அழுதுகொண்டே அவனைக் கும்பிட்டாள்.

வீட்டுக்கு வந்தும் என் மனைவிக்கு அதே பேச்சு. "என்னா குணங்க அந்த மனுஷனுக்கு. அடுத்த தடவ மந்திரிதான், பாருங்க."

எடுத்துக் கொடுத்தது நான். கயிற்று மஞ்சள் இன்னும் என் விரலில் இருக்கிறது. ஆனால் எத்தனை வருஷம் கழித்துக் கேட்டாலும், எம்.எல்.ஏ. வந்து தாலி கொடுத்த கல்யாணம் என்றுதான் சொல்வார்கள்.