கூடத்து மரத்தரையும் உங்கள் சிவப்புத் தரையும்

என் பிரியத்துக்குரிய அத்தைக்கு,

போன ஞாயிற்றுக்கிழமையோடு நம் கூடத்தில் ஒரு மரத்துண்டுகூட மிச்சமில்லை. எல்லாவற்றையும் பெயர்த்துக் கோணிப்பைகளில் கட்டி, கொல்லையில் அடுக்கியாயிற்று. கூட இருந்த காலத்தில் உங்களோடு நிதானமாக உட்கார்ந்து பேசாதவள், நீங்கள் போய் இரண்டு வருடம் கழித்துக் கடிதம் எழுதுகிறேன். இதைக் கேட்டுச் சிரிப்பீர்களா, முகத்தைத் திருப்பிக்கொள்வீர்களா?

முதலில் வீட்டுச் செய்தி. உங்கள் பேத்தி கவிதா ஒன்பதாம் வகுப்புக்குப் போய்விட்டாள். உங்கள் உயரம் வந்துவிட்டது. உங்கள் மகனுக்குச் சர்க்கரை. நான் அசந்த நேரம் பார்த்து டீயில் இரண்டு ஸ்பூன் போட்டுக்கொள்கிறார். சேலையூரில் நம் வீட்டைச் சுற்றியிருந்த வயல் எல்லாம் பிளாட் ஆகிவிட்டது. மழைத்தண்ணீர் போக வழியில்லை. இந்த ஐப்பசியில் தெருத் தண்ணீர் வாசற்படி ஏறிக் கூடத்துக்குள் வந்துவிட்டது. இரண்டே நாளில் மரத்துண்டுகள் ஊறி, விளிம்பு தூக்கி, நடக்கிறவர் கால்களை இடறின.

அந்த மரத்தரை முழுக்க முழுக்க என் ஆசை. பிறந்த வீட்டில் சாணம் மெழுகிய தரையில் படுத்து வளர்ந்தவள் நான். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலைக்குச் சேர்ந்த புதிதில், பல்லாவரத்தில் எங்கள் சூப்பர்வைசர் வீட்டு விசேஷத்துக்குப் போனேன். தேன் நிறத்தில் பளபளவென்று மரத்தரை. செருப்பைக் கழற்றிவிட்டு அதில் கால் வைத்த நிமிஷமே முடிவு பண்ணிவிட்டேன், நம் வீட்டிலும் இப்படிப் போடவேண்டும் என்று.

நம் வீட்டிலோ ஏற்கெனவே நீங்கள் போட்ட சிவப்புத் தரை இருந்தது. மாமா இறந்த பிறகு தனியாளாக நின்று கட்டிய வீடு. கொத்தனார் பக்கத்தைவிட்டு நகராமல் காவிச் சிமெண்டை இழைக்கவைத்து, காய்ந்ததும் பத்து நாள் உங்கள் கையாலேயே தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடைத்தீர்களாம். மதியச் சாப்பாடு முடிந்ததும் பாய், தலையணை எதுவும் இல்லாமல் அதில் படுத்துக்கொள்வீர்கள். இதெல்லாம் தெரிந்துதான் அதன் மேல் பசை தடவச் சொன்னேன்.

"அம்மாவ ஒரு வார்த்த கேட்டுக்கோ" என்றார் உங்கள் மகன். கேட்டேன். "உன் வூடு, உன் இஷ்டம். செய்யிமா" என்றீர்கள். அந்தப் பதிலில் எனக்குக் குத்தல்தான் கேட்டது. வேறு எதையும் கேட்க நான் தயாராக இல்லை.

அடுத்த தெரு ஏழுமலை ஆசாரி வந்து, தார் மாதிரி ஒரு கறுப்புப் பசையைத் தடவி ஒவ்வொரு துண்டாக ஒட்டினார். சமையலறையில் தண்ணீர் புழங்கும் என்பதால் அங்கே மட்டும் ஒட்டாமல் உங்கள் சிவப்புத் தரையை அப்படியே விட்டுவைத்தார்.

ஒரு மாதம் இருக்கும். எக்ஸ்சேஞ்ச் தோழிகள் நான்கு பேர் தரையைப் பார்க்க வந்திருந்தார்கள். நீங்கள் பழைய வழக்கத்தில் வாளியும் ஈரத்துணியுமாகக் கூடத்தைத் துடைக்க வந்தீர்கள். "எத்தனை தடவ சொல்றது? தண்ணி படக்கூடாதுன்னு தெரியாதா உங்களுக்கு?" என்று அத்தனை பேர் முன்னாலும் கத்தினேன். துணியை வாளிக்குள் போட்டுவிட்டு நீங்கள் உள்ளே போனீர்கள். அன்று மதியம் சமையலறையில், அரிசி டின்னுக்கும் அம்மிக்கும் நடுவில் படுத்தீர்கள். பிறகு ஐந்து வருடம் அதுதான் உங்கள் இடம்.

ஒரே ஒரு தடவை, "கூடத்துல வந்து படுங்களேன்" என்றேன். "இங்கதான் குளுகுளுன்னு கீதுமா" என்றீர்கள். என்னைக் குத்திக்காட்டவே அங்கே படுக்கிறீர்கள் என்று நினைத்தேன். உண்மையாகவே குளிர்ச்சிக்காகத்தான் படுத்தீர்களா அத்தை? இல்லை, நான் இன்னொரு தடவை கூப்பிடுவேன் என்று காத்திருந்தீர்களா?

மூன்று நாள் காய்ச்சல். அந்த மூன்று நாளும் கட்டிலுக்கு வர மறுத்து அங்கேயே படுத்திருந்தீர்கள். நாலாம் நாள் காலை நீங்கள் எழுந்திருக்கவில்லை. அனகாபுத்தூரிலிருந்து வந்த உங்கள் மகள் சரோஜா, ஊர் ஜனம் நிற்கும்போது என்னைப் பார்த்து, "எங்கம்மா கட்டின வூட்ல எங்கம்மாவ அடுப்படியில படுக்க வெச்சிட்டியேடி" என்று கதறினாள். "அவங்களா போய்ப் படுத்தாங்க, நானா சொன்னேன்?" என்று நானும் திருப்பிக் கத்தினேன். காரியம் முடிந்து போனவள் இதுவரை நம் வாசலை மிதிக்கவில்லை.

இப்போது பெயர்க்கவும் ஏழுமலையையே கூப்பிட்டோம். தலை நரைத்துவிட்டது. மேலெழும்பிய துண்டுகள் கையோடு வந்தன. தண்ணீர் எட்டாத பாதிக் கூடம் மட்டும் அசையவில்லை. பட்டை உளியை அடியில் கொடுத்துச் சுத்தியலால் தட்டித் தட்டி எடுக்கவேண்டியிருந்தது. நானும் லீவு போட்டுவிட்டு ஓர் உளியோடு உட்கார்ந்தேன். துண்டு வந்த பிறகும் பசை வரவில்லை. மண்ணெண்ணெய் ஊற்றி ஊறவைத்துச் சுரண்டினோம். ஐந்து நாள் வீடு முழுக்க மண்ணெண்ணெய் நாற்றம். என் உள்ளங்கையெல்லாம் கொப்புளம்.

பசையோடு தரையின் சிவப்பும் சேர்ந்து உரிந்தது. அடியில் சாம்பல் நிறச் சிமெண்ட், வெந்த புண் மாதிரி. "இது இப்படி ஆவும்னு அன்னிக்கே சொல்லக்கூடாதா?" என்று ஏழுமலைமீது பாய்ந்தேன்.

அவர் உளியைக் கீழே வைத்தார். "சொன்னேன்க்கா. உங்க மாமியாரு, ஆயாகிட்ட சொன்னேன். 'இத ஒட்டிட்டா பின்னால எடுக்கறப்ப தரையோட தோலும் பூடும், இந்தத் தரை உனக்குத் திரும்பக் கெடைக்காது'ன்னேன்."

"என்ன சொன்னாங்க?"

"'வாய மூடிகினு ஒட்டுறா. அவ காதுல போட்டா வாணாம்னுடுவா. சாணித் தரையில கெடந்த பொண்ணு, ஆசப்படுது'ன்னாங்க. யாராண்டயும் சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வேற வாங்கினாங்க. இப்ப அவங்களே இல்ல, சொன்னா இன்னா?"

ஏழுமலை எழுந்து வெளியே போய் பீடி பற்றவைத்துக்கொண்டார்.

'வாணாம்னுடுவா' என்று என்னைப் பற்றி நினைத்தீர்களே அத்தை, அந்த அளவுக்கு நான் நல்லவளா? தெரிந்திருந்தால் நிறுத்தியிருப்பேனா? நீங்களாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நானாவது கேட்டிருக்கலாம். ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிட்ட இரண்டு பேர், ஐந்து வருடம் எப்படி இதைப் பேசாமல் இருந்தோம்?

கூடத்துக்கு மொசைக் போடத்தான் வேண்டும். வேறு வழியில்லை என்கிறார் கொத்தனார். உங்கள் மகன் தலையாட்டிவிட்டார். சமையலறையில் யாரும் கை வைக்கக்கூடாது என்று மட்டும் சொல்லியிருக்கிறேன்.

நேற்று எஸ்.டி.டி. பூத்திலிருந்து சரோஜாவின் பக்கத்து வீட்டுக்கு போன் போட்டு அவளைக் கூப்பிடச் சொன்னேன். "அண்ணி, உங்களப் பாக்க வரணும்" என்றேன். "எதுக்கு?" என்றாள். "நீங்க அன்னிக்குச் சொன்னது நிஜம். அத நேர்ல வந்து சொல்லணும்" என்றேன். அவள் போனை வைத்துவிடவில்லை. "காலையில வா. மத்தியானம் தறிக்கு உக்காந்துடுவேன்" என்றாள்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை கவிதாவையும் கூட்டிக்கொண்டு அனகாபுத்தூர் போகிறேன், அத்தை. அவள் திட்டினால் வாங்கிக்கொள்வேன். ஆசாரியிடம் நீங்கள் சொன்னதையும், தோழிகள் முன்னால் நான் உங்களை என்ன சொன்னேன் என்பதையும், என் பக்கத்துக்கு ஒரு வார்த்தைகூடச் சேர்க்காமல் உங்கள் மகளிடம் சொல்வேன். இது சத்தியம்.

உங்கள் வீட்டுக்கு வாழவந்த மருமகள்,
வசந்தா