பஸ் ஸ்டாண்டில் நிற்கிற கருவமுள்ளு

பந்தல்குடி
கத்திரி வெயில் தொடங்கிய வாரம்

என் ஆசை மருமகள் சுவாதிக்கு, தூத்துக்குடி ரோட்டின் டயர் சக்கரவர்த்தியும் பஞ்சர் பேரரசனும் உன் ஒரே தாய்மாமனுமாகிய நவநீதகிருஷ்ணன் எழுதிக்கொள்வது. துணைமாலையம்மன் புண்ணியத்தில் இங்கே உன் அப்பா, அம்மா, அண்ணன், மதினி, காது குத்தக் காத்திருக்கும் அண்ணன் மகன் எல்லோரும் சுகம். நீ புனேயில் சுகமாக இருக்கிறாயா என்பதுதான் தெரியவில்லை. அந்தக் கவலையில் வீட்டில் யாருக்கும் சோறு இறங்கவில்லை, எனக்கு மட்டும் கவலை வந்தால் இரண்டு தட்டு கூடுதலாக இறங்கும், அது என் உடம்பு வாகு. நீ குடும்பக் குரூப்பில் "என்னை நல்லா அசிங்கப்படுத்திட்டீங்க" என்று ஒரு வரி போட்டுவிட்டு வெளியேறினாய், அதற்குப் பிறகு யார் கூப்பிட்டாலும் எடுக்கவில்லை, என் நம்பரைத் தடுத்தே வைத்துவிட்டாய் என்று பிளக்ஸ் கடை நியாஸ் பார்த்துச் சொன்னான். அதனால்தான் பேனா பிடித்துப் பல காலம் ஆன இந்தக் கையால் கூரியரில் கடிதம் விடுகிறேன். கூரியர் ஆபீஸில் உள்ளே வெறும் கடிதாசிதானா என்று என்னை ஏதோ கடத்தல்காரனைப் பார்ப்பது போல் பார்த்தார்கள்.

குற்றவாளி நான்தான், உன் அப்பா இல்லை, அதை முதலில் மனசில் வைத்துக்கொண்டு மேலே படி. நம் பக்கத்துக் காதுகுத்தில் சாப்பாடு குறைந்தால்கூடச் சொந்தக்காரர்கள் மன்னிப்பார்கள், பிளக்ஸில் தங்கள் மூஞ்சி குறைந்தால் ஏழு தலைமுறைக்கு மன்னிக்க மாட்டார்கள் என்பது உனக்குத் தெரியும். மூஞ்சிக்குக் கீழே படிப்பும் வேலையும் வேண்டும். ஆகவே நம் காதுகுத்து பிளக்ஸில் உன் அப்பா விதைக்கடை ராஜகுரு அவர்களைத் தொழிலதிபர் ஆக்கினேன், பால்குடி மறவாத குட்டிப் பயலை வருங்காலக் கலெக்டர் ஆக்கினேன், எனக்கு பி.ஏ. போட்டுப் பக்கத்தில் சின்ன எழுத்தில் முயற்சி என்று போடச் சொன்னேன். எல்லோர் படமும் கிடைத்தது, உன் படம்தான் இல்லை. என் போனில் இருந்தது நீ ரெட்டைச் சடையும் ரிப்பனுமாகப் பள்ளிக்கூட ஆண்டு விழாவில் அழுதுகொண்டு நிற்கிற படம். அதைப் போட்டால் நீ என்னைக் கொன்றுவிடுவாய் என்று நியாஸிடம் சொன்னேன். அவன், அண்ணே இன்ஸ்டாவில் இல்லாத பிள்ளை உண்டா என்று தேடினான், தேடிக்கொண்டே வந்தவன் திடீரென்று எழுந்து நின்றுவிட்டான். அண்ணே, கருவமுள்ளு உங்க மருமகளா என்று கேட்டான். கருவேலமுள்ளால்தான் என் பிழைப்பே நடக்கிறது, இந்தச் சீமையில் அது குத்தாத டயர் இல்லை, அதனால் ஏதோ என் தொழிலைக் கௌரவிக்க நீ வைத்துக்கொண்ட பேர் என்று நினைத்து நெஞ்சு நிமிர்ந்துவிட்டது. கையில் மைக், கறுப்புக் கண்ணாடி, காதோரம் வழித்துவிட்ட முடி. கம்பெனி ஆண்டு விழாவில் பேசுகிறாய், அதற்கு ஏதோ மாறுவேடம் என்று நானே முடிவு கட்டிக்கொண்டேன். யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. சுவாதி ராஜகுரு பி.இ., மென்பொருள் பொறியாளர், புனே என்று கீழே போட்டு, திருச்சுழி பஸ் ஸ்டாண்ட் எதிரே நிறுத்திவிட்டேன். மேலே போகிற விமானம் எல்லாம் ஒரு நிமிடம் நின்று பார்த்துவிட்டுப் போகிற அளவுக்குப் பெரிய பிளக்ஸ்.

மறுநாளிலிருந்து காலேஜ் பஸ்ஸுக்கு நிற்கிற பிள்ளைகள் எல்லாம் அதன் முன்னால் நின்று செல்ஃபி எடுக்க ஆரம்பித்தார்கள். என் மூஞ்சிக்குத்தான் இந்தக் கூட்டம் என்று ஒரு பகல் முழுக்க நம்பினேன். அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி, பால்ச்சாமி மகள், விதை வாங்க வந்த இடத்தில் உன் அப்பாவிடமே கேட்டுவிட்டாள், அக்கா வேலைய விட்டுட்டுத்தானே கருவமுள்ளுங்கிற பேர்ல ராப் பாட்டுக்கு வந்தாங்க, பேட்டியில சொன்னாங்களே, நீங்க ஏன் இன்னும் இன்ஜினியர்னு போட்டிருக்கீங்க என்று. அப்படித்தான் அவருக்குத் தெரிந்தது. அந்தப் பிள்ளைகள் எடுத்த படம் உன் இன்ஸ்டா பக்கத்துக்கே வந்து, உனக்குக் கீழே பொறியாளர் என்று நான் எழுதியதை ஊர் உலகம் சிரித்ததும், நீ எங்களை விட்டு வெளியேறியதும் அதற்குப் பிறகுதான். நாங்கள் தெரிந்தே குத்திக்காட்டினோம் என்று நினைத்திருக்கிறாய். இல்லை தாயி. உன் மாமன் ஒரு மடையன், அவ்வளவுதான் விஷயம்.

இனிமேல் சொல்வதுதான் நீ பயப்படுகிற பகுதி. உன் அப்பா எனக்குப் போன் போட்டு உடனே வரச் சொன்னார். பிளக்ஸைக் கிழித்து என்னையும் சேர்த்துச் சுருட்டிக் கண்மாயில் போடப்போகிறார் என்று நினைத்து, கடையில் இருந்தவனிடம் என் கடைசி ஆசைகளைச் சொல்லிவிட்டுத்தான் பஸ் ஏறினேன். திருச்சுழி விதைக்கடையில் அவர், நியாஸ், உன் அம்மா மூன்று பேரும் இருந்தார்கள். நியாஸ் போனில் உன் பாட்டை ஓடவிட்டான். பட்டம் வாங்கி மாட்டிவச்ச சுவத்துல பல்லிக்கு மட்டுந்தான் வேல கெடச்சுது என்று நீ பாடுகிற இடம் வந்ததும் எனக்கு உள்ளங்கால் வேர்த்துவிட்டது, ஏனென்றால் நீ பட்டம் வாங்குகிற போட்டோவை உன் அப்பா கல்லாவுக்கு மேலேதானே மாட்டி வைத்திருக்கிறார். அவர் மெள்ளத் திரும்பி அந்தச் சுவரைப் பார்த்தார். நாங்களும் பார்த்தோம். பல்லி நிஜமாகவே இருந்தது. அவர் வாய்விட்டுச் சிரித்தார் சுவாதி, உன் அண்ணன் கல்யாணத்துக்குப் பிறகு அவர் அப்படிச் சிரித்து நான் பார்க்கவில்லை. இன்னொரு தடவை போடச் சொன்னார். உன் அம்மா வேலை போனதற்குச் சொட்டுக் கண்ணீர் விடவில்லை, முடியை எதுக்கு வெட்டுச்சு என்றுதான் கேட்டுக்கொண்டே இருந்தாள், இத்தனை மாசமாக என்ன சாப்பிட்டாயோ என்று அதற்கு நடுவில் அழுதாள்.

சிரித்து முடித்ததும் உன் அப்பா பாட்டை நிறுத்தச் சொன்னார். அவர் சொன்னதை ஒரு எழுத்துக்கூட என் சரக்கு சேர்க்காமல் எழுதுகிறேன், என் வாழ்நாளில் இதுதான் முதல் தடவை. "மாப்ள, எங்கிட்ட போன்ல டிவில செய்தி வாசிக்கிற பிள்ள மாதிரி, சாப்பிட்டீங்களாப்பா, உடம்பு எப்படி இருக்குப்பான்னு கேட்டுட்டு வச்சிரும். படிச்ச பிள்ள, வெளியூரு, பேச்சு மாறிருச்சுன்னு நெனச்சேன். இந்தப் பாட்டுல வீட்ல பேசுற மாதிரியே பேசுது. அப்ப ஊருக்கு முன்னால உள்ளபடி இருந்திருக்கு, எங்கிட்டதான் வேசம் போட்டிருக்கு." அதோடு எழுந்து போய் யாரோ கேட்ட கம்பு விதையை நிறுத்துக் கொடுத்தார். வேலையை விட்டதற்கு அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. போனில் நீ வேசம் போட்டதுதான் அவருக்குக் குத்தியது. நீ ஏன் அப்படிப் பேசினாய் என்று எனக்குப் புரிகிறது, ஒன்றை மறைக்க வேண்டுமென்றால் பேச்சைத் துடைத்து வைத்துக்கொள்ளத்தான் வேண்டும், ஆற அமரப் பேசினால் வாய் உளறிவிடும். அவருக்கும் ஒருநாள் புரியும், ஆனால் நீதான் சொல்ல வேண்டும், நான் சொன்னால் அதில் பாதி பொய் என்று கழித்துவிடுவார்.

உன் பாட்டுக்குக் கீழே சில பயல்கள் இது என்ன பட்டிக்காட்டுப் பேச்சு என்று எழுதியிருக்கிறான்கள். அவர்களுக்குப் பதில் எழுதப் போய், பஞ்சர் பார்க்க நின்ற லாரிகள் அருப்புக்கோட்டை வரைக்கும் வரிசை கட்டிவிட்டன. நீ அவர்களுக்காக வாயைத் திருத்திக்கொள்ளாதே. நேரத்துக்குச் சாப்பிடு. கண்ணாடியைக் கழற்றிவிட்டு ஒரு படம் எடு, கண்ணு நம்ம வீட்டுக் கண்ணு, அதை ஏன் மூடுகிறாய்.

இன்னொன்று. நேற்று நான் கேட்காமலே உன் அப்பா நியாஸ் கடைக்குப் போயிருக்கிறார். பிளக்ஸை எடுக்க வேண்டாம், அந்தப் பொறியாளர் வரியை மட்டும் மறைக்க ஒட்டுத் துண்டு அடித்துக் கொடு என்று கேட்டிருக்கிறார். அதில் என்ன போட என்றானாம் நியாஸ். பாடகி என்று போடலாமா, கலைஞர் என்று போடலாமா என்று அவனே எடுத்துக் கொடுத்திருக்கிறான். இவர், "ஒண்ணும் போடாத. அதுவே வந்து சொல்லட்டும்" என்று வெள்ளைத் துண்டை வாங்கி, ஏணியில் தானே ஏறி ஒட்டியிருக்கிறார். கீழே ஏணியைப் பிடித்தது அந்தக் காலேஜ் பிள்ளைகள். இப்போது திருச்சுழி பஸ் ஸ்டாண்டில் உன் பேருக்குக் கீழே வெறும் வெள்ளையாக இருக்கிறது. பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் என்ன போடலாம் என்று ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள், அவர் யார் சொன்னதையும் எடுத்துக்கொள்ளவில்லை.

எங்கள் எல்லோர் ஆயுசிலும் ஒரு பங்கு எடுத்துக்கொண்டு நீ நல்லாயிரு தாயி. காதுகுத்து வைகாசி முதல் முகூர்த்தம், மறந்துவிடாதே. குட்டிப் பயலுக்கு அத்தை நீ ஒருத்திதான். அதற்கு முன்னால் அப்பாவுக்கு ஒரு போன் போடு, போட்டால் செய்தி வாசிக்காதே.

உன் அப்பா அம்மா சார்பிலும் தன் சார்பிலும்,
ஏணி ஏறத் தெரியாத உன் மாமன்
நவநீதகிருஷ்ணன், பி.ஏ. (முயற்சி)