தரிசு என்று எழுதிய வருஷம்

1978 ஜூன் 12

குற்றாலத்தில் சாரல் தொடங்கியதை நாலு வரியில் பத்திரிகைக்கு அனுப்பினேன். திரும்பி வந்தால் வாசலில் உச்சிமாகாளி. செம்மடைக்குளத்து விவசாயி. ராமசேஷனின் வயலை இருபத்திரண்டு வருஷமாகக் குத்தகைக்குப் பயிரிடுகிறார். சென்னையில் குடியேறிவிட்ட ராமசேஷன், வயலைத் தங்கசாமி என்பவருக்கு விற்றுவிட்டார். தங்கசாமி வெளியேறச் சொல்கிறார். குத்தகைதாரராகத் தன் பெயரைப் பதியச் சொல்லி உச்சிமாகாளி மனுப் போட்டிருக்கிறார். பதிந்தால் வயல் கையில் நிற்கும். இல்லையென்றால் போச்சு. விசாரணைக்கு என்னைத் துணைக்குக் கூப்பிட வந்திருக்கிறார்.

நெல் அளந்ததற்கு ரசீது உண்டா என்று கேட்டேன்.

"ராமசேஷன் சாமிகிட்டப் போயி சீட்டு கேக்க முடியுமா அண்ணாச்சி? கேட்டிருந்தா அன்னைக்கே வயலு போயிருக்கும்."

ஜூன் 27

தாலுகா ஆபீஸில் விசாரணை. கர்ணம் ஆவுடைநாயகம் அடங்கலை விரித்தார். எந்த வயலில் என்ன பயிர், யார் பயிர் என்று வருஷாவருஷம் அவர் எழுதும் கணக்கு. 1973 வரை உச்சிமாகாளி பெயர். 74-இல் 'தரிசு'. அதன் பிறகு பெயர்க் கட்டம் காலி. அந்த வருஷ வறட்சியிலேயே குத்தகையைக் கைவிட்டுவிட்டார் என்கிறது எதிர்த்தரப்பு.

"கெணத்துல மாட்டைப் பூட்டி, கமலை கட்டி எறச்சு எள்ளு போட்டேன்யா! இவரு வயக்காட்டுக்கு வந்தாத்தான தெரியும்?" என்றார் உச்சிமாகாளி. சிரித்தார்கள்.

ஜூலை 4

எதிர்த்தரப்பு வக்கீல் பஞ்சாபகேசன் 1974-ஆம் வருஷத்துப் பத்திரிகைத் துண்டு ஒன்றை நீட்டினார். 'செம்மடைக்குளத்துப் பாசனத்தில் இந்த ஆண்டு ஒரு செண்டு நிலம் கூடப் பயிராகவில்லை - நமது நிருபர்.'

நிருபர் நான்தான்.

ஜூலை 5

1974 டிசம்பர். கர்ணம் வீட்டில் காப்பி. அவர் அடங்கலைப் பார்த்து வாசித்தார், நான் எழுதிக்கொண்டேன். வயல் அங்கிருந்து ஒன்றரை மைல். நாலரை பஸ்ஸை விட்டால் அடுத்தது ஏழுக்கு. ஏன் போகவில்லை? எந்த ஊரில்தான் வயலுக்குப் போனேன்? கர்ணம் சொன்னால் ஊர் சொன்ன மாதிரி - இருபது வருஷம் இப்படித்தான் ஓட்டியிருக்கிறேன். இன்று அவர் கணக்குக்கு என் செய்தி சாட்சி.

ஜூலை 6

செம்மடைக்குளம் போய், வயலைப் பார்க்காமல் அந்தச் செய்தியை எழுதியவன் நான்தான் என்று சொல்லிவிட்டேன். உச்சிமாகாளியின் மனைவி தங்கத்தாய் முதலில் அவரை வைதார்.

"நல்ல ஆளாப் பாத்துத்தான் தொணைக்குக் கூப்ட்டிருக்கிய! கெணத்துல தள்ளுனவருகிட்டயே போயி கயிறு கேட்டிருக்கிய!"

பிறகு என் பக்கம் திரும்பி, "வந்தது வந்துட்டிய. கஞ்சி குடிச்சிட்டுப் போங்க."

குடித்தேன்.

ஜூலை 18

உச்சிமாகாளி தரப்பில் சாட்சி சொன்னேன். பஞ்சாபகேசன் எழுந்தார்.

"வயலைப் பார்த்தீரா?"

"இல்லை."

"எள் இருந்ததுன்னு தெரியுமா?"

"தெரியாது. தரிசாகக் கிடந்தது என்றும் தெரியாது."

"தெரியாததைத்தான் அச்சில போடுவீரோ?"

கர்ணம் சொன்னதை எழுதினேன் என்றேன்.

"அப்போ அடங்கலும் செய்தியும் ஒத்துப் போறதே!" என்று உட்கார்ந்துவிட்டார்.

ஒருவன் சொன்னதை இரண்டு பேர் சொன்னதாக எண்ணுகிறார்கள். எண்ண வைத்தவன் நான்.

ஜூலை 29

திருத்தம் கேட்டு ஆசிரியருக்கு எழுதியதற்குப் பதில். நாலு வருஷத்துக்கு முந்தைய செய்திக்குத் திருத்தம் போடும் வழக்கம் இல்லையாம். அருவிக் கூட்டத்தைப் படத்துடன் அனுப்ப வேண்டுமாம்.

செப்டம்பர் 9

மனு தள்ளுபடி. உத்தரவில் ஒரு வரி: 'அடங்கல் பதிவைப் பத்திரிகைச் செய்தியும் உறுதி செய்கிறது.'

1979 நவம்பர் 21

அப்பீலும் போச்சு. அதே வரி.

1980 நவம்பர் 15

பரம்பரைக் கர்ணம் பதவியை அரசு ஒழித்துவிட்டது. ஆவுடைநாயகத்துக்கு வேலை போய்விட்டது. அவர் எழுதியது போகவில்லை.

1981 நவம்பர் 6

குளம் பெருகி, செம்மடைக்குளத்தில் நடவு மும்முரம் என்று தகவல். நேரே அந்த வயலுக்குப் போனேன். சேற்றில் இறங்கி நாற்றுமுடிகளை வீசிக்கொண்டிருந்தார் உச்சிமாகாளி. தங்கசாமியிடம் கூலிக்கு. வரப்பில் நின்று கூப்பிட்டேன். நிமிரவில்லை.

"அங்கன தள்ளி நில்லுங்க அண்ணாச்சி. வேலை நேரத்துல நின்னு பேசுதேன்னு மொதலாளி வைவாரு."

தள்ளி நின்றேன்.